பரவாயில்லையா என்று கேட்கும் பெட்டி

2024 நவம்பர் 17, ஞாயிற்றுக்கிழமை. காலை ஐந்தரைக்கு எழுந்தேன். இரவு முழுக்கத் தூறியிருந்தது. கோலம் நிற்காது என்று தெரிந்தும் சிறியதாக ஒன்று போட்டேன். பால் காய்ச்சினேன். அண்ணனை எழுப்பிச் சாய்வு நாற்காலியில் உட்கார வைத்து, பல் துலக்கிவிட்டு, காபியை ஆற்றிக் கொடுத்தேன். இட்லி, மாத்திரை, வலது கைக்கான பயிற்சி. பயிற்சியை வழக்கம் போல் பாதியில் நிறுத்திவிட்டு அவர் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார். இதையெல்லாம் நாட்குறிப்பில் எழுதி, ‘இன்று: பெட்டி’ என்று ஒரு வரி சேர்த்து, அதன் அடியில் ஸ்கேல் வைத்துக் கோடு போட்டேன். அந்தக் கோட்டுக்குக் கீழே எழுத அன்று இரவு எரிச்சலைத் தவிர என்னிடம் எதுவும் மிஞ்சவில்லை.

பெட்டி என்று நாங்கள் சொல்வது அண்ணனுடைய ஜப்பானிய வீடியோ கேம் பெட்டியை. பெட்டியைவிட என் கண்ணில் நிற்பது அதன் கன்ட்ரோலர்தான். இரண்டு கையாலும் பிடிக்கும்படி வளைந்த சாம்பல் நிறப் பிளாஸ்டிக். வலப்பக்கம் முக்கோணம், வட்டம், பெருக்கல் குறி, சதுரம் என்று நான்கு பொத்தான்கள். மற்ற மூன்றும் புதிது போல இருக்க, வட்டம் மட்டும் வழவழவென்று தேய்ந்து, உற்றுப் பார்த்தால்தான் கோடு தெரியும். பல வருஷம் அண்ணனின் வலது கட்டைவிரல் அதே இடத்தில் அமுக்கித் தேய்த்தது. அந்த விரல் இப்போது அசைவதில்லை.

ஆடி மாதத்தில் அவருக்குப் பக்கவாதம் வந்தது. திருச்சி எடமலைப்பட்டி புதூரில் மாடிப் போர்ஷனில் தனியாக இருந்தார், கல்யாணம் செய்துகொள்ளவில்லை. மருத்துவமனையிலிருந்து நேராக ஸ்ரீரங்கத்துக்கு எங்கள் வீட்டுக்கு அழைத்து வந்துவிட்டோம். வலது காலில் கொஞ்சம் பலம் வந்திருக்கிறது. பேச்சு வரவில்லை. நாம் சொல்வது பெரும்பாலும் புரிகிறது. ஆனால் பதிலாக அவர் வாயிலிருந்து வருவது ஒரே ஒரு சொல்: சரி. பசிக்கும் சரி, வலிக்கும் சரி, தண்ணீர் வேண்டும் என்பதற்கும் வேண்டாம் என்பதற்கும் சரி. பேச்சுப் பயிற்சி கொடுக்க வரும் பெண், “அவருக்குச் சொல்ல வேண்டியது உள்ள இருக்குங்கம்மா, வெளிய வர்ற வழியில இந்த ஒரு வார்த்தைதான் நிக்குது. நீங்க அவசரப்படாம எடம் குடுத்து கேளுங்க” என்றாள். நான் கல்லூரித் தேர்வுப் பிரிவில் இருபத்தைந்து வருஷமாக வேலை பார்க்கிறேன். ஒரு கேள்விக்கு ஒரு பதில் என்பது எனக்குள் ஊறிப்போன ஒழுங்கு. எல்லாக் கேள்விக்கும் ஒரே பதிலை எழுதும் மாணவரை நான் அதுவரை கண்டதில்லை.

இத்தனைக்கும் எங்கள் வீட்டில் ஓயாமல் வாயாடியவர் அவர்தான். சின்ன வயதில் சத்திரம் பஸ் நிலையத்திலிருந்து திருவெள்ளறைக்குப் பஸ்ஸில் போவோம். அங்கே அத்தை வீடு. பஸ் நிலையத்தை விட்டு வண்டி வெளியே வருவதற்கு முன்பே அண்ணன் தொடங்கிவிடுவார். பாத்திரக் கடை, பல் மருத்துவர், லேத் பட்டறை, சுவரில் எழுதிய சிமென்ட் விளம்பரம் என்று கண்ணில் பட்ட போர்டையெல்லாம் சத்தம் போட்டு வாசிப்பார். வெறுமனே வாசிக்கவும் மாட்டார். ஒவ்வொன்றுக்கும் ஒரு குரல். பல் மருத்துவருக்கு மூக்கால் பேசுவார், சிமென்டுக்கு அடித்தொண்டையில் உறுமுவார். பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் எனக்கு மானம் போகும். “வாய மூடிட்டு வா அண்ணே, எல்லாரும் பாக்கறாங்க” என்பேன். “போர்டு எழுதுனவன் படிக்கத்தானே எழுதுனான், நாமளும் படிக்கலன்னா பாவம்டி” என்பார். கண்டக்டர் ஒருவர், “தம்பி, ஸ்டாப்பிங்கும் நீயே சொல்லிடு, நான் கொஞ்சம் உக்காந்துக்கறேன்” என்று சிரித்தது நினைவிருக்கிறது. அன்றைக்கு அண்ணன் வழி நெடுக ஸ்டாப்பிங் பெயர் சொல்லிக்கொண்டு வந்தார்.

அவர் வேலை பார்த்த வால்வு கம்பெனி அவரை ஜப்பானுக்குப் பயிற்சிக்கு அனுப்பியது. போன இடத்திலும் அதே பழக்கத்தில்தான் மொழி படித்திருக்கிறார்: ரயில் நிலையத்தில் ஒவ்வொரு பலகையாக நின்று சத்தமாக வாசித்து. திரும்பி வரும்போது சக தொழிலாளி ஒருவர் தன் பழைய பெட்டியைக் கொடுத்தனுப்பினார். அந்த ஊர் மின்சாரம் நூறு வோல்ட். இங்கே நேரடியாகச் சொருகினால் புகைந்துவிடும். அதற்காக அம்மிக் குழவி கனத்துக்கு ஒரு ட்ரான்ஸ்ஃபார்மர் வாங்கி வைத்தார். ஓடிப் பிடித்துச் சுடும் விளையாட்டாக இருக்கும் என்று நினைத்தேன். இல்லை. ஒரு நாவலைத் திரையில் வாசிப்பது போன்றது அது. பின்னால் ஒரு படம், நடுவில் ஓர் ஆள் நிற்பார், கீழே ஒரு கட்டத்தில் அவர் பேசுவது எழுத்தாக வரும், குரலும் கேட்கும். வட்டத்தை அமுக்கினால் அடுத்த வரி. அவ்வளவுதான். “இதுல என்ன அண்ணே கதை?” என்று ஒரு தடவை கேட்டேன். “கதைன்னு பெருசா இல்ல. ஒரு சின்ன ஸ்டேஷன், பக்கத்துல டீக்கடை, சைக்கிள் கடை. ஆளுங்க வருவாங்க, பேசுவாங்க, போவாங்க. நம்ம தெரு மாதிரிதான்” என்றார். இதற்கா நாற்பது தாண்டிய ஆள் சாயங்காலமெல்லாம் செலவழிக்கிறார் என்று தோன்றியது.

புதூர் வீட்டைக் காலி செய்தபோது என் கணவர் பெட்டியையும் ஆட்டோவில் ஏற்றிக்கொண்டு வந்தார். ஹாலில் அதை இறக்கிய நிமிஷம், இரண்டு மாதமாகச் சுவரையே பார்த்துக்கொண்டிருந்த அண்ணன் திரும்பினார். இடது கையை நீட்டி, “சரி” என்றார். அந்த முகத்தை நான் ஆடிக்குப் பிறகு அப்போதுதான் பார்த்தேன். டிவியை அவர் பார்ப்பதில்லை, பத்திரிகை வேண்டியதில்லை, பயிற்சி பிடிக்கவில்லை. “ஏதாவது ஒண்ணுல அவருக்கு ஆசை வரணுங்க, இல்லாட்டி கையும் வராது வாயும் வராது” என்று பயிற்சிக்காரப் பெண் எச்சரித்திருந்தாள். அந்த ஒன்று வந்துவிட்டது. அதை நான் இயக்கிக் காட்ட வேண்டும். அதற்காகத்தான் அந்த ஞாயிற்றுக்கிழமையை ஒதுக்கினேன்.

பெட்டியை எங்கள் டிவியில் இணைத்துச் சுவிட்சைப் போட்டேன். திரை எழுந்ததும் ஒரு ரயில் நிலையப் படம், மெல்லிய இசை, வரிசையாக ஐந்து ஜப்பானிய வரிகள். எனக்கு ஓர் எழுத்தும் தெரியாது. கைப்பேசியின் கேமராவைக் காட்டினால் மொழிபெயர்க்கும் வசதி இருக்கிறது என்று என் கணவர் அதைத் திறந்து கொடுத்திருந்தார். முதல் வரி ‘ஆரம்பத்தில் இருந்து’ என்றது, இரண்டாவது ‘தொடர்ச்சியில் இருந்து’. கை லேசாக அசைந்தால் கைப்பேசி இரண்டையும் மாற்றி மாற்றிக் காட்டியது. தவறாக முதல் வரியை அமுக்கி, அண்ணன் விட்ட இடம் அழிந்துவிட்டால்? “அண்ணே, ரெண்டாவதுதானே?” என்றேன். “சரி.” “மொதலாவதா?” “சரி.” போதாக்குறைக்கு அந்தப் பெட்டியில் ஆமாம் என்பதற்கு வட்டம், இல்லை என்பதற்குப் பெருக்கல் குறி. எங்கள் அலுவலகத்தில் சிவப்பு வட்டம் போட்டால் இது தப்பு, மறுபடி பார் என்று அர்த்தம். ஒவ்வொரு முறையும் என் விரல் வட்டத்துக்கு மேல் தயங்கியது.

எதைத் தொட்டாலும் திரையின் நடுவில் ஒரு சின்னக் கட்டம் எழுந்து ஒரு கேள்வி கேட்டது. கைப்பேசி அதை ‘பரவாயில்லையா?’ என்று மொழிபெயர்த்தது. எது பரவாயில்லையா? அழிப்பதா, சேமிப்பதா, வெளியேறுவதா? கட்டம் அதைச் சொல்லவில்லை. இந்தப் பக்கம் பெட்டி பரவாயில்லையா என்று கேட்டுக்கொண்டிருந்தது, அந்தப் பக்கம் அண்ணன் சரி என்று சொல்லிக்கொண்டிருந்தார். நடுவில் நான் ஒருத்தி, யாரை நம்பி எதை அமுக்குவது என்று தெரியாமல் கன்ட்ரோலரைப் பிடித்துக்கொண்டு நின்றேன். என் கணவர் பேப்பரிலிருந்து தலையைத் தூக்கி, “அவங்க ரெண்டு பேரும் நல்லாத்தான் பேசிக்கறாங்க, உனக்குத்தான் வெளங்கல” என்றார்.

ஒருவழியாகத் தொடர்ச்சிக்குள் போகும் முன், செட்டிங்ஸை ஒருமுறை சரிபார்த்துவிடலாம் என்று நினைத்தேன். அங்கேதான் வந்தது வினை. எழுத்தின் வேகம், தானாக நகர்வது, படித்ததை மட்டும் தாண்டுவது என்று பக்கம் பக்கமாக வந்தது. ‘ஜன்னலின் அடர்த்தி’ என்று ஒன்று. படத்தில் ஜன்னலே இல்லை. வெகு நேரம் தடுமாறிய பிறகுதான் எழுத்து வரும் கட்டத்தைச் சொல்கிறது என்று புரிந்தது. கடைசிப் பக்கம் குரல்கள். கதையில் வரும் ஆள் ஒவ்வொருவருக்கும் ஒரு வரிசை: பெயர், அதற்கு நேராக ஒரு கோடு, கோட்டில் நகரும் ஒரு குமிழ். எல்லாக் குமிழும் வலக்கோடியில் முழுச் சத்தத்தில் இருந்தன. மேலிருந்து நான்காவது மட்டும் இடக்கோடியில், பூஜ்யத்தில்.

மதிப்பெண் பட்டியலில் ஒரு கட்டம் காலியாக இருந்தால் அன்று இரவு எனக்குத் தூக்கம் வராது. மதிப்பெண் இருக்க வேண்டும், அல்லது வரவில்லை என்று குறித்திருக்க வேண்டும். காலி என்பது யாரோ விட்டுவிட்டது. பெட்டி ஆட்டோவில் குலுங்கி வந்ததில் நகர்ந்திருக்கும் என்று நினைத்துக்கொண்டேன். குலுங்கினால் குமிழ் நகருமா என்று யோசிக்கவில்லை. என் கணவர் பார்த்துவிட்டு, “காலியா ஒண்ணு இருந்தா உனக்கு கை அரிக்குமே” என்றார். “சத்தம் வராம கெடக்குங்க, அத வெச்சு அண்ணன் என்ன பண்ணுவாரு?” என்று குமிழை வலக்கோடிக்குத் தள்ளினேன். பரவாயில்லையா என்று கேட்டது. வட்டத்தை அமுக்கினேன்.

கன்ட்ரோலரை அண்ணன் மடியில் வைத்து, இடது ஆள்காட்டி விரலைத் தேய்ந்த வட்டத்தின் மேல் எடுத்து வைத்தேன். அவர் அமுக்கினார். டீக்கடைப் பெண் ஏதோ கேட்டாள். அமுக்கினார். கையில் ஸ்பானரோடு நின்ற சைக்கிள் கடைக்காரர் கணீரென்று பதில் சொன்னார். அண்ணனுக்குத் தூக்கிவாரிப் போட்டது. முகம் இருண்டது. “சரி!” என்றார். இன்னொரு தடவை அமுக்கினார். மறுபடி அந்தக் குரல். “சரி! சரி! சரி!” என்று கத்தி, நாற்காலிக் கையை அடித்தார்.

சத்தம் அதிகமோ என்று எல்லாவற்றையும் குறைத்தேன். வேகமோ என்று எழுத்தை மெதுவாக்கினேன். கண் கூசுகிறதோ என்று அந்தப் பாழாய்ப்போன ஜன்னலை அடர்த்தியாக்கினேன். கை வலிக்கிறதோ என்று தானாக நகரும்படி வைத்தேன். அவர் பார்க்கும் முன்பே வரிகள் ஓடின, அதற்கும் கத்தினார். ஒவ்வொன்றையும் மாற்றும்போது அது பரவாயில்லையா என்றது, நான் வட்டத்தை அமுக்கினேன். எது முன்பு எப்படி இருந்தது என்பது எனக்கே குழம்பிப்போனது. கடைசியில் பக்கத்தின் அடியில் ‘ஆரம்ப மதிப்புக்குத் திரும்பு’ என்று கைப்பேசி காட்டிய வரியை அமுக்கித் தொலைத்தேன். எல்லாம் பளிச்சென்று ஒரே சீராக நின்றன. குரல் பக்கத்தில் ஒரு குமிழ்கூட வரிசை விலகவில்லை. எனக்கு நிறைவாக இருந்தது. அண்ணன் ஒரே ஒரு வரி கேட்டார். பிறகு இடது கையால் கன்ட்ரோலரைத் தட்டிவிட்டார். அது வயர் நீளம் வரை போய்ச் சுவரோரம் விழுந்தது. “என்னதான் வேணும் உனக்கு? வாயத் தொறந்து சொல்லித் தொலையேன்!” என்று கத்திவிட்டேன். சொல்லி முடித்த பிறகுதான் யாரிடம் என்ன கேட்டேன் என்பது உறைத்தது. அவர் என்னைப் பார்த்தார். “சரி” என்று மெதுவாகச் சொல்லிவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார். மதியம் சாப்பிடவில்லை.

சாயங்காலம் புதூர் வீட்டு உரிமையாளரின் மனைவி வந்தார். கோயிலுக்கு வந்த வழியில், அண்ணன் மொட்டை மாடியில் விட்டிருந்த குடையையும் மூடி போட்ட ஒரு சம்புடத்தையும் கொடுத்துவிட்டுப் போகலாம் என்று வந்ததாகச் சொன்னார். என்னைவிட மூத்தவர், அக்கா என்றுதான் கூப்பிடுவேன். அண்ணனைப் பார்த்துக் கண் கலங்கினார். பிறகு அதை மறைக்க அவரே பேச ஆரம்பித்தார்.

“வீடே வெறிச்சுன்னு கெடக்கு போங்க. வெளக்கு வெச்சா மாடியில ஒரே பேச்சு சத்தமா இருக்கும். குடி வந்த புதுசுல யாரோ விருந்தாளி வந்திருக்காங்கன்னு நெனச்சு ரெண்டு டம்ளர் காபி போட்டு எடுத்துட்டு போனேன், கேளுங்க. பாத்தா இவரு ஒண்டியா உக்காந்திருக்காரு. ரெண்டு டம்ளரையும் அவரே குடிச்சாரு!”

“டிவி சத்தமா இருந்திருக்கும்க்கா.”

“டிவியா? அது ஒண்ணு சொல்லும், இவரு பதில் சொல்லுவாரு. மறுபடி அது ஏதோ சொல்லும். ஒரு நாளு சிரிப்பு, ஒரு நாளு சண்ட. எல்லாம் அந்த ஊரு பாஷை. என்னங்க இது, நீங்க பேசுறது அந்தப் பொட்டிக்கு எப்படிங்க கேக்கும்னேன். கேக்காதுங்க, அதுல ஒருத்தர மட்டும் பேசவிடாம பண்ணி வெச்சிருக்கேன், அந்த எடம் என்னுதுன்னாரு. எனக்கு ஒண்ணும் புரியல, சிரிச்சிட்டு வந்துட்டேன்.”

நாற்காலியிலிருந்து, சுவரைப் பார்த்தபடியே, அண்ணன் “சரி” என்றார்.

ஜப்பானிலிருந்து ஒரு மொழியை வாய் நிறையக் கொண்டுவந்தவருக்கு இந்தத் திருச்சியில் அதைப் பேச ஓர் ஆள் இல்லை. அதனால் அந்தச் சின்ன ஸ்டேஷனில் சைக்கிள் கடைக்காரரின் குரலை மூடிவிட்டு, அவர் வரிகளைத் தானே சத்தமாக வாசித்திருக்கிறார். டீக்கடைப் பெண் அவரிடம் கேட்பாள், அவர் பதில் சொல்லுவார், அவள் மறுபடி பேசுவாள். பஸ்ஸில் சிமென்ட் விளம்பரத்துக்கும் பல் மருத்துவருக்கும் குரல் கொடுத்த அதே ஆள். நான் விட்டுப்போனது என்று நினைத்து நிரப்பியது அவர் உட்காரும் இடத்தை.

உடனே சரிசெய்துவிட வேண்டும் என்று பெட்டியிடம் போனேன். அப்போது பார்த்து மழை வலுத்துக் கரண்ட் போனது. அக்கா, “நான் போயிட்டு வரேன்ம்மா, பஸ் கெடைக்காது” என்று கிளம்பினார். கரண்ட் திரும்பி வருவதற்குள் அண்ணன் தயிர்சாதம் இரண்டு வாய் வாங்கிக்கொண்டு தூங்கிப்போனார். என் எரிச்சல் மட்டும் தூங்காமல் கிடந்தது: பெட்டி மேல், கைப்பேசி மேல், எதையும் முன்கூட்டியே சொல்லி வைக்காத அண்ணன் மேல். எந்த வரிசை என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. அந்தப் பெயரை என்னால் வாசிக்க முடியாது. ஆனால் காலியாக இருந்த கட்டம் எந்த இடத்தில் இருந்தது என்பதை நான் மறப்பதில்லை.

மறுநாள் திங்கட்கிழமை. வாசல் தெளிக்கவில்லை, பால் அடுப்பில் ஏறவில்லை. எழுந்ததும் முதலில் ட்ரான்ஸ்ஃபார்மரின் சுவிட்சைப் போட்டேன். செட்டிங்ஸ், கடைசிப் பக்கம், மேலிருந்து நான்காவது வரிசை. குமிழை இடக்கோடிக்குக் கொண்டுபோய் நிறுத்தினேன். பரவாயில்லையா என்று கேட்டது. இந்தத் தடவை தயங்காமல் அமுக்கினேன்.

ஸ்டேஷன் இசை கேட்டு அண்ணன் விழித்துக்கொண்டார். எழுப்பி உட்கார வைத்துக் கன்ட்ரோலரை மடியில் வைத்தேன். என்னைப் பார்க்காமல் அமுக்கினார். டீக்கடைப் பெண் ஏதோ கேட்டாள். அடுத்த வரி சைக்கிள் கடைக்காரருடையது. திரையில் அவர் உதடு அசைந்தது, சத்தம் வரவில்லை. எழுத்து முழுதும் வந்து நின்று, வரியின் கடைசியில் ஒரு சிறிய அம்புக்குறி விட்டுவிட்டு மின்னியது. பெட்டி அடுத்ததற்குப் போகவில்லை. அடுத்து வட்டத்தை அமுக்கு என்று சொல்ல எனக்கு வாய் வரை வந்தது, விழுங்கிக்கொண்டேன்.

அண்ணன் அந்த வரியை இடமிருந்து வலமாகப் பார்த்தார். வாயைத் திறந்தார். வந்தது அதே சொல்தான். ஆனால் அதை நீட்டி, நடுவில் ஏற்றி, முடிவில் கொஞ்சம் கேலியாக இறக்கி, ஒரு வாக்கியம் முழுவதையும் அதற்குள் அடைத்துச் சொன்னார்: “சரீ... சரி, சரி.” சொல்லிவிட்டு வட்டத்தை அமுக்கினார். டீக்கடைப் பெண் வாய்விட்டுச் சிரித்துவிட்டு, மளமளவென்று பதில் சொன்னாள்.

அண்ணன் முகத்தில் ஒரு பக்கம் மட்டும் சிரித்தது. தேய்ந்த வட்டத்தின் மேல் இடது கை விரலை வைத்துக்கொண்டு, அவள் பேசி முடித்துத் தன் முறை வருவதற்குக் காத்திருந்தார்.